நல்லவாட்டு இறாலுக்கு அமெரிக்கா போட்ட வரி

விழுப்புரத்தில் ரயில் மாறி, புதுச்சேரிக்குப் போகும் பயணிகள் வண்டியில் ஏறி உட்கார்ந்தபோது சனிக்கிழமை இன்னும் சரியாக விடிந்திருக்கவில்லை. வில்லியனூருக்கு டிக்கெட் பத்து ரூபாய். தூத்துக்குடியிலிருந்து இரவெல்லாம் வந்த களைப்பு இருந்தும் தூக்கம் வரவில்லை. எதிரில் பூக்கூடையோடு உட்கார்ந்திருந்த அம்மாள் எங்கே போகிறேன் என்று விசாரித்தார். வில்லியனூர் என்றதும், சிவன் கோயிலுக்கா, மாதா கோயிலுக்கா என்று கேட்டார். இறால் பார்க்கப் போகிறேன் என்றேன். வாங்கவா என்றார். இல்லை, சும்மா பார்க்கத்தான் என்றேன். அவர் பூக்கூடையைத் தன் பக்கம் நகர்த்தி வைத்துக்கொண்டார்.

நான் தூத்துக்குடியில் ஒரு கல்லூரியில் பன்னாட்டுப் பொருளாதாரம் நடத்துகிறேன். இறக்குமதி வரி, அந்நியச் செலாவணி, வட்டி விகிதம் என்று ஜூலையில் தொடங்கி மார்ச்சில் முடிகிற பாடம். கரும்பலகையில் இரண்டு கோடுகள் வரைந்து, அவை வெட்டும் இடத்தைக் காட்டி, ‘வரி வந்தால் இந்தப் புள்ளி இங்கே நகரும்’ என்பேன். மதுரையில் எம்.ஏ. படித்தபோது விடுதியில் என் அறைத் தோழியாக இருந்த கலைச்செல்வி பத்து நாள் முன்பு தொலைபேசியில் அழைத்தாள். இந்தியப் பொருட்கள் மீது அமெரிக்கா ஐம்பது சதவீத வரி போட்டிருந்த நேரம் அது.

“நீ படம் போட்டுக் காட்டுவியேடி, அது இங்க எங்க குளத்துக்குள்ள வந்து குந்திக்கினு இருக்குது. வந்து பாரு” என்றாள்.

கலைச்செல்விக்கு ஊர் உறுவையாறு, வில்லியனூர் கொம்யூனில் (ஒன்றியத்தைப் புதுச்சேரியில் அப்படிச் சொல்கிறார்கள்) ஒரு விவசாயக் கிராமம். படிப்பு முடிந்ததும் சென்னைப் பக்கம் ஓர் இறால் ஏற்றுமதி நிறுவனத்தில் ஆறு வருடம் கப்பல் ஆவணங்கள் தயாரிக்கும் வேலையில் இருந்தாள். திருமணமாகி ஊர் திரும்பிய பிறகு, பெரியப்பா மகன் சேகரோடு கூட்டுச் சேர்ந்து நல்லவாட்டுக்குப் பக்கத்தில் உப்பங்கழியை ஒட்டி இரண்டு இறால் குளங்களைக் குத்தகைக்கு எடுத்தாள். சென்ற முறை விட்ட குஞ்சுகள் அத்தனையும் வெள்ளைப்புள்ளி நோயில் போயின. ஓட்டில் வெள்ளையாகப் புள்ளி விழுந்த மூன்றே நாளில் குளம் காலி. ஆகவே இந்தப் பயிர் தேறினால்தான் தொழில். தேறாவிட்டால் குத்தகையை விட்டுவிட வேண்டியதுதான்.

வில்லியனூர் நிலையத்தில் இறங்கியபோது வெயில் வந்துவிட்டது. கலை ஸ்கூட்டரோடு வெளியே நின்றாள். காதோரம் கொஞ்சம் நரைத்திருந்ததைத் தவிர விடுதியில் பார்த்த மாதிரியேதான் இருந்தாள். கடைத்தெருவில் மளிகைக் கடைகளும் உரக்கடைகளும் ஷட்டரைத் தூக்கிக்கொண்டிருந்தன. வாசலில் தண்ணீர் தெளிக்கும் மூத்த வியாபாரிகள் கலையைப் பார்த்ததும் எறால் எப்படி என்று கேட்டார்கள். எல்லோருக்கும் அவள் சொன்ன பதில் ஒன்றுதான்: நன்றாக இருக்கிறது, விலைதான் நன்றாக இல்லை. டீ பன்னிரண்டு ரூபாய். கோயில் கோபுரத்தைக் கடந்து, தண்ணீர் குறைந்து மணல் தெரிந்த சங்கராபரணி ஆற்றையும் கடந்து உறுவையாறு போய்ச் சேர்ந்தோம். இரண்டு பக்கமும் சம்பா நாற்றங்கால். நடுவே கரும்பு.

குளித்துச் சாப்பிட்டு முடிப்பதற்குள் மணி பத்தாகிவிட்டது. கலையின் கணவர் ரவி வேலைக்குக் கிளம்பும் நேரத்தில் அந்த அழைப்பு வந்தது. ஏற்றுமதி நிறுவனத்தின் கொள்முதல் ஆள் பேசினார். கலை ஸ்பீக்கரைப் போட்டாள்.

இறால் விலைக்கு ஒரு கணக்கு உண்டு. ஒரு கிலோவில் எத்தனை இறால் நிற்கிறதோ அதுதான் கவுண்ட். ஐம்பது கவுண்ட் என்றால் கிலோவுக்கு ஐம்பது இறால். நாற்பது என்றால் அதைவிடப் பெரியது, விலையும் அதிகம். கலையின் குளத்தில் அன்றைக்கு ஐம்பது கவுண்ட் இருந்தது. வழக்கமாக இந்த அளவை வாங்கி, தலை எடுத்து, உறையவைத்து அமெரிக்காவுக்கு அனுப்பும் நிறுவனம் அது. இப்போது அந்த அளவு தங்களுக்கு வேண்டாம் என்றார் அந்த ஆள். அமெரிக்கப் பக்கம் ஆர்டர் நின்றுவிட்டது. வியட்நாமுக்கு ஒரு பேச்சுவார்த்தை போய்க்கொண்டிருக்கிறது. அது கைகூடினால் நாற்பதை ஒட்டிய கவுண்ட்டும் அதைவிடப் பெரியதும் எடுப்போம், மூன்று வாரம் பொறுங்கள் என்றார். கைகூடுமா என்று கலை கேட்டாள். சொல்ல முடியாது மேடம் என்றார்.

மூன்று வாரம் பொறுப்பது என்பது இறாலுக்குச் சுலபமல்ல. இரண்டு குளத்துக்கும் தினமும் தீவனம் போட வேண்டும். தண்ணீரில் காற்றுக் குறையாமல் ஏரேட்டர்கள் ஓட வேண்டும், கரண்ட் போனால் டீசல் ஜெனரேட்டர். ஐப்பசி மழை இறங்கினால் குளத்து நீரின் உப்பு குறைந்து நோய் வரும். குளத்தில் நெரிசல் அதிகமாக இருந்தால் அது வேகமாகப் பரவும். கலை போனை வைத்துவிட்டுச் சுவரில் இருந்த காலண்டரையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு சேகரை அழைத்தாள்; மத்தியானத்துக்கு மேல்தான் வயலிலிருந்து வீடு திரும்புவேன் என்றார். பாகூரில் இருக்கும் அவரைப் பார்க்காமல் எதையும் முடிவு செய்ய முடியாது.

பிற்பகல் இரண்டு மணிக்குக் கிளம்பினோம். வில்லியனூரிலிருந்து பாகூருக்குப் போகும் சாலையில் ஒரு வேடிக்கை உண்டு. புதுச்சேரியின் கொம்யூன்களும் தமிழ்நாட்டுக் கிராமங்களும் ஒன்றுக்குள் ஒன்று புகுந்து கிடக்கின்றன. கொஞ்ச தூரம் புதுச்சேரி, அப்புறம் தமிழ்நாட்டுப் பெயர்ப்பலகை, மறுபடி புதுச்சேரி. புதுச்சேரிப் பக்கம் பெட்ரோல், டீசல் லிட்டருக்குச் சில ரூபாய் குறைவு என்பதால் எல்லையைத் தாண்டிய முதல் பங்கில் தமிழ்நாட்டு எண் பலகை வைத்த லாரிகள் வரிசை கட்டி நின்றன. பாஸ்போர்ட் இல்லை, சுங்கச் சாவடி இல்லை, வயல் வரப்பைப் போல ஓர் எல்லை. ஆனாலும் வரி வேறுபட்டால் வண்டிகள் எந்தப் பக்கம் சாயும் என்பதை அந்தப் பங்கிலேயே பார்த்துவிடலாம். வகுப்பில் இனி ஐரோப்பிய உதாரணம் சொல்ல வேண்டியதில்லை என்று நினைத்துக்கொண்டேன்.

ஏம்பலத்தில் கலை வண்டியை நிறுத்தி ஒரு கரும்பு வயலைக் காட்டினாள். அதில் ஒரு காணி சேகருடையதாக இருந்தது. அதை விற்றுத்தான் அவர் குளத்தில் பணம் போட்டிருந்தார். கரும்பு யாருடையதோ ஆகிவிட்டாலும் அந்த வழியாகப் போகும்போதெல்லாம் அவர் இறங்கி வாய்க்காலில் தண்ணீர் வருகிறதா என்று பார்த்துவிட்டுத்தான் போவார் என்றாள்.

பாகூரில் சேகரின் வீடு ஏரிக்கரையிலிருந்து கொஞ்ச தூரம். எதிர்வீட்டில் இரண்டாவது மாடி எழும்பிக்கொண்டிருந்தது. பிரெஞ்சு ராணுவத்தில் இருந்து ஓய்வு பெற்றவர்களை இந்தப் பக்கம் சொல்தா என்கிறார்கள். எதிர்வீட்டுக்காரர் ஒரு சொல்தா. ஓய்வூதியம் யூரோவில் வருகிறது. யூரோ நூறு ரூபாயைத் தாண்டியதில் அவருக்குக் கைக்கு வரும் ரூபாய் கூடிவிட்டது, மேஸ்திரியைக் கூப்பிட்டுவிட்டார். ரூபாயின் மதிப்பு இறங்கியதன் லாபம் ஒரே தெருவில் எதிரும் புதிருமான இரண்டு வீடுகளில் ஒன்றுக்குத்தான் போய்ச் சேர்ந்திருந்தது.

சேகருக்கு ஐம்பது வயதிருக்கும். நெல் விவசாயி. பேச்சு குறைவு. எங்களைக் கூட்டிக்கொண்டு ஏரிக்கரைக்கு நடந்தார். வீட்டில் பேசினால் மனைவி கவலைப்படுவாள் என்பது காரணம் என்று பிறகு தெரிந்தது. பாகூர் ஏரி ஒரு பார்வைக்குள் அடங்குகிற ஏரி அல்ல. கரைமேல் ஏறி நின்றால் தண்ணீரும் கோரையும் அப்பால் பனைகளும், அதற்கும் அப்பால் மறுபடி தண்ணீருமாக விரிந்து கிடந்தது.

கலை நிறுவனத்து ஆள் சொன்னதைச் சொன்னாள். கேட்டுவிட்டுச் சேகர் தன் முடிவை ஒரே வரியில் சொன்னார். நாளை விடியற்காலை மதகைத் திறந்து இரண்டு குளத்தையும் வடித்து, இருக்கும் இறால் அத்தனையையும் பிடித்து, உள்ளூர் வியாபாரி என்ன விலை சொல்கிறானோ அதற்குக் கொடுத்துவிடலாம். போன தடவை போல மூன்று நாளில் எல்லாம் போய்விட்டால் விற்பதற்குக் காணியும் இல்லை என்றார். அவர் பயத்தில் தவறு எதுவும் எனக்குத் தெரியவில்லை.

பிறகு அவர் என் பக்கம் திரும்பினார்.

“நீங்க காலேஜில இதத்தான் சொல்லிக் குடுக்கறீங்கன்னு கலை சொல்லும். எனக்கு ஒண்ணு சொல்லுங்கம்மா. அமெரிக்காக்காரன் வரி போட்டா அமெரிக்காக்காரன்தான கட்டணும்? எங்க எறால் வெலய எதுக்குக் கொறைக்கறாங்க?”

பதினாலு வருடமாக வகுப்பில் சொல்லிவருவதை அந்தக் கரைமேல் நின்று சொன்னேன். காகிதத்தின்படி வரியைக் கட்டுகிறவர் அங்கே இறக்குமதி செய்கிறவர்தான். ஆனால் அதே இறால் ஈக்வடாரிலும் வளர்கிறது, அதற்கு வரி குறைவு. ஆகவே அவர் நம் நிறுவனத்திடம், விலையைக் குறைக்கிறாயா, இல்லை ஈக்வடாருக்குப் போகட்டுமா என்கிறார். நிறுவனம் வந்து உங்களிடம் அதையே சொல்கிறது. கட்டுகிறவர் ஒருவர், சுமக்கிறவர் வேறொருவர். போவதற்கு வேறு இடமும், பொறுத்திருக்க நேரமும் யாருக்கு இல்லையோ, பாரம் கடைசியில் அவர் தலையில் வந்து இறங்கும்.

“அப்ப நாமதான் கடேசி ஆளு” என்றார் சேகர்.

“நமக்குக் கீழ எறால் மட்டும்தான் இருக்குது” என்றாள் கலை.

டாலர் எண்பத்தெட்டு ரூபாய் ஆகிவிட்டதே, ஏற்றுமதிக்கு அது நல்லது என்று டிவியில் சொல்கிறார்களே என்றும் சேகர் கேட்டார். கொஞ்சம் நல்லதுதான், ஆனால் ரூபாய் நாலைந்து சதவீதம் இறங்கிக் கொடுப்பதை ஐம்பது சதவீத வரி ஒரே வாயில் விழுங்கிவிடும் என்றேன். ரிசர்வ் வங்கி வட்டியைக் குறைத்த செய்தியும் அவருக்குத் தெரிந்திருந்தது. தன் டிராக்டர் கடனுக்கு மட்டும் ஒரு பைசா குறையவில்லை என்றார். அது நிலையான வட்டியில் வாங்கிய கடன், ஏறினாலும் ஏறாது, இறங்கினாலும் இறங்காது என்று கலை விளக்கினாள். அந்த ஒரு பதிலில்தான் அன்று அவர் சிரித்தார்.

பிறகு கலை தன் யோசனையைச் சொன்னாள். மதகைத் திறக்க வேண்டாம். நல்லவாட்டிலிருந்து வீச்சு வலைக்காரர்களைக் கூப்பிட்டு இரண்டு குளத்திலும் பாதி இறாலை மட்டும் பிடிக்கலாம். அதை உள்நாட்டுச் சந்தைக்குக் கொடுத்தால் செலவுக்குப் பணம் வரும். நெரிசல் குறைவதால் மிச்சம் பாதி வேகமாக வளரும், நோய் பயமும் குறையும், மூன்று வாரத்தில் நாற்பது கவுண்ட்டைத் தொடும். வியட்நாம் கைகூடினால் அதை நிறுவனத்துக்குக் கொடுக்கலாம். கைகூடாவிட்டால் பெரிய இறாலுக்கு உள்ளூரிலும் கூடுதல் விலை உண்டு.

வலைக்கூலி வீண்தானே, மதகைத் திறந்தால் இறால் தானே வந்து அங்கே கட்டிய வலைப்பையில் விழுமே என்றார் சேகர்.

“மதகத் தொறந்தா மூட முடியாதுண்ணா. தண்ணி வடிஞ்சி எறால் சேத்துல கெடக்கும்போது வியாபாரி இன்னா வெல சொன்னாலும் நாம தலையாட்டணும். வலைன்னா எப்ப வேணும்னாலும் நிறுத்திக்கலாம். நிறுத்த முடிஞ்சாதான் பேச முடியும்.”

கரையிலிருந்து இறங்கி வீட்டுக்கு வந்தோம். வாசலில் செருப்பைக் கழற்றும்போது, காலையில் தன் சின்ன டெம்போவையும் எடுத்து வருவதாகச் சேகர் சொன்னார். அதுதான் சம்மதம் என்று கலை என் காதில் சொன்னாள்.

மாலை கிருமாம்பாக்கம் வழியாகக் கடலூர் சாலையில் ஏறி, தவளக்குப்பத்தில் கிழக்கே திரும்பி நல்லவாடு போனோம். பாகூரின் பச்சை பின்னால் தங்கிவிட்டது. காற்றில் உப்பும் மீனும் வீசின. கரையில் ஃபைபர் படகுகள் ஏற்றி நிறுத்தப்பட்டிருந்தன. பிற்பகலில் திரும்பிய படகுகளின் மீனைப் பெண்கள் ஏலம் கேட்டுக்கொண்டிருந்தார்கள். ஏலம் கூறுபவரின் குரல் அலையைத் தாண்டிக் கேட்டது. வீச்சு வலைக்காரர்களின் தலைவர் ஏழுமலை வலைக்கு ஈயக் குண்டு கட்டிக்கொண்டிருந்தார். பன்னிரண்டு ஆள், ஆளுக்குத் தொள்ளாயிரம், காலை ஐந்து மணிக்குக் குளத்தங்கரையில் இருப்போம் என்று பேச்சு இரண்டு நிமிடத்தில் முடிந்தது. கடலில் மீன் குறைந்த நாட்களில் குளத்து வேலையும் வேண்டும் என்றார். தன் படகின் கணவாயை வாங்கி இத்தாலிக்கு அனுப்பும் கம்பெனிக்காரரும் இப்போது அந்த ஊர் விலையைச் சொல்லித்தான் ஏலம் கேட்கிறார் என்று கூடவே சொன்னார்.

குளத்தங்கரைக் கொட்டகையிலிருந்தே கலை சென்னை வியாபாரி பாஸ்கரனிடம் போனில் பேசினாள். அவர் பெங்களூருக்கு அனுப்புகிறவர். ஐம்பது கவுண்ட்டுக்குக் கிலோ இருநூற்றுத் தொண்ணூறு என்று பேசி முடிந்தது. வரிக்கு முன்னால் நிறுவனம் கொடுத்த விலையைவிட நாற்பது ரூபாய் குறைவு. ஆனாலும் தாங்கும் என்றாள். ஏரேட்டர்களின் சக்கரங்கள் குளத்தில் நுரையை அடித்துக்கொண்டிருக்க, ரவி கொண்டுவந்து கொடுத்த இட்லியைச் சாப்பிட்டுவிட்டு அங்கேயே படுத்தோம்.

ஞாயிறு காலை ஐந்து மணிக்கு ஏழுமலையும் ஆட்களும், டெம்போவோடு சேகரும் வந்துவிட்டார்கள். பாஸ்கரன் ஐஸ் லாரியோடு ஐந்தரைக்கு வந்தார். நாற்பது வயது, இஸ்திரி போட்ட சட்டை, இரண்டு போன். நன்றாகப் பேசினார், எனக்கும் வணக்கம் சொன்னார். முதல் வலை விழுந்ததும் ஒரு கிலோவை எடுத்து எண்ணினார்கள். ஐம்பத்தொன்று நின்றது. சரிதான் என்றார்.

வீச்சு வலை வீசுவதை அத்தனை அருகில் நான் பார்த்ததில்லை. இடுப்பளவு தண்ணீரில் நின்று, உடம்பை ஒரு பக்கம் திருகி விடுகிறார்கள். வலை காற்றிலேயே விரிந்து, சடசடவென்று மழை போட்ட மாதிரி நீரில் விழுகிறது. இழுத்துக் கரைக்குக் கொண்டுவந்து உதறினால் கண்ணாடி போன்ற இறால்கள் தட்டுக்கு வெளியே துள்ளுகின்றன. நானும் குனிந்து பொறுக்கிப் போட்டேன். ஐஸில் கை மரத்துப்போனது. வெயில் வந்தபோது தட்டுகளில் அறுநூறு கிலோ சேர்ந்திருந்தது.

அப்போது பாஸ்கரன் போனில் பேசிக்கொண்டே லாரிக்குப் பின்னால் போனார். திரும்பி வந்தபோது முகத்தில் வருத்தத்தை வரவழைத்துக்கொண்டிருந்தார். பெங்களூரில் விலை விழுந்துவிட்டது, வெளிநாட்டுக்குப் போக வேண்டிய இறாலெல்லாம் உள்ளூருக்கு வந்து குவிகிறது, இருநூற்று ஐம்பதுக்கு மேல் தனக்குக் கட்டாது என்றார். அதில் பாதி உண்மை. ஏற்றுமதி நின்றால் உள்ளூரில் சரக்கு பெருகும், விலை இறங்கும். ஆனால் நேற்று இரவுக்கும் இன்று காலைக்கும் நடுவே நாற்பது ரூபாய் இறங்காது. இறால் கரையேறிய பிறகு விலை பேசுவது இந்தத் தொழிலில் பழைய வழக்கம் என்று கலை முன்பே சொல்லியிருந்தாள்.

தட்டுகளில் கிடக்கும் அறுநூறு கிலோவையே நான் பார்த்துக்கொண்டிருந்தேன். கலை ஏழுமலையின் பக்கம் திரும்பி, வலையை நிறுத்தச் சொன்னாள். பன்னிரண்டு பேரும் கரையேறி, வலைகளைத் தோளிலிருந்து இறக்கி, டீ குடிக்க உட்கார்ந்தார்கள். குளம் மறுபடி அமைதியானது. ஏரேட்டர் சத்தம் மட்டும்.

“இன்னா மேடம் இது” என்றார் பாஸ்கரன்.

“எறால் தண்ணியில இருக்குது சார். உங்க ஐஸ் வண்டியில இருக்குது. எனக்கு அவசரம் இல்ல.”

அவர் கரையில் இருக்கும் அறுநூறு கிலோவைக் காட்டினார். அதை என்ன செய்யப் போகிறீர்கள் என்று கேட்டார். அதற்குக் கலை வாய் திறப்பதற்குள், இத்தனை நேரம் ஒதுங்கி உட்கார்ந்திருந்த சேகர் எழுந்து போய் டெம்போவை எடுத்தார். பின்பக்கமாக ஓட்டிவந்து, தட்டுகளுக்கு நேராகக் கொண்டுவந்து நிறுத்தினார். பின்கதவைத் திறந்துவிட்டு, கடலூர் துறைமுகத்தில் ஏலம் எட்டு மணி வரைக்கும் இருக்கும் என்று யாரிடமும் இல்லாமல் பொதுவாகச் சொன்னார். ஏழுமலையின் ஆட்களில் இரண்டு பேர் எழுந்து முதல் தட்டைத் தூக்கினார்கள்.

அடுத்த அரை மணி நேரம் யாரும் சண்டை போடவில்லை. பாஸ்கரன் நாலைந்து போன் பேசினார். லாரியின் கீழே ஐஸ் தண்ணீர் சொட்டி மண்ணில் சின்ன வாய்க்காலாக ஓடியது. பெங்களூரில் அவருடைய சரக்குக்குக் காத்திருக்கும் கடைக்காரர்களும் இருந்திருப்பார்கள். பாடப்புத்தகத்தில் சிறு விற்பனையாளர் சந்தை சொல்லும் விலையை ஏற்றுக்கொள்கிறவர், அவ்வளவுதான். அந்தக் கரையில் அந்த அரை மணி நேரம் கலை அப்படி இல்லை. அமெரிக்காவை அவளால் எதுவும் செய்ய முடியாது. ஆனால் பாரம் முழுவதும் தன் தலையில் இறங்காமல் கொஞ்சத்தை நகர்த்தி வைக்க முடிந்தது.

கடைசியில் பாஸ்கரன் வந்து, நேற்றுப் பேசிய விலையே இருக்கட்டும் என்றார். புதிதாக ஓடு கழற்றி மெத்தென்று இருக்கும் இறாலுக்கு மட்டும் முழு விலை தர முடியாது என்றார். அது நியாயம், அதைத் தனியாகப் பொறுக்கிப் பாதி விலைக்கு எடுத்துக்கொள்ளுங்கள் என்று கலை உடனே ஒத்துக்கொண்டாள். சேகர் டெம்போவின் கதவைச் சாத்தினார். வலைகள் மறுபடி விழுந்தன. பத்தரை மணிக்கு இரண்டு டன் ஏறி, லாரி புறப்பட்டது. போகும்போது பாஸ்கரன் அடுத்த தடவையும் தன்னையே கூப்பிடச் சொன்னார். கூப்பிடுவேன் என்றாள் கலை. அவள் பொய் சொல்லவில்லை.

சேகர் குளத்தைச் சுற்றி ஒரு நடை போய்வந்தார். தீவனத் தட்டைத் தூக்கிப் பார்த்துவிட்டு, மிச்சம் இருக்கும் இறால் நன்றாகத் தின்கிறது என்றார். நான் அவரிடம் விடைபெற்றபோது, எதிர்வீட்டு சொல்தாவிடம் வரி யார் தலையில் இறங்கும் என்பதைத் தானே விளக்கப்போவதாகச் சொன்னார்.

கலை என்னைத் தவளக்குப்பம் நிறுத்தத்துக்குக் கொண்டுவந்து விட்டாள். புதுச்சேரிக்குப் பஸ் பதினைந்து ரூபாய். காத்திருந்தபோது, “ஏட்டி, அந்த ஆளு லாரிய எடுத்துட்டுப் போயிருந்தா என்ன செஞ்சிருப்ப?” என்று கேட்டேன்.

“கடலூருக்குப் போயிருப்போம். கொஞ்சம் நட்டம் வந்திருக்கும். அதையும் நேத்தே கணக்குப் போட்டுட்டன்” என்றாள். “அண்ணன் டெம்போவ நகர்த்துவார்னு மட்டும் கணக்குல இல்லடி. அதுலதான் எனக்குக் கண்ணு கலங்கிப்போச்சி.”

மறுநாள் காலை தூத்துக்குடிக்குள் ரயில் நுழையும்போது சன்னலோரம் உப்பளங்கள் ஓடின. எங்கள் ஊர்க்காரர்களுக்கு உப்பு ஒரு வசதியைக் கொடுத்திருக்கிறது. விலை பிடிக்கவில்லை என்றால் அம்பாரமாகக் குவித்து மேலே கீற்றைப் போட்டு மூடிவிட்டு, நல்ல விலை வரும்வரை திண்ணென்று இருக்கலாம். உப்புக்குப் பசிக்காது, உப்புக்கு நோயும் வராது. எங்கள் ஊர் வியாபாரிகளின் பேச்சில் உள்ள நிதானம் அதிலிருந்து வந்ததுதான் என்று எனக்கு அந்தக் காலையில் தோன்றியது. இறால்காரர்களுக்கு அந்த வசதி பிறப்பிலேயே இல்லை. பொறுத்திருக்க முடியாத ஒரு பொருளை வைத்துக்கொண்டு, அதை அரை மணி நேரம் பொறுத்திருக்க வைத்த ஒருத்தியை நான் பார்த்துவிட்டு வந்தேன்.

இதை எழுதுவதற்கு முந்தைய நாள் கலை அழைத்தாள். வியட்நாம் கைகூடியிருக்கிறது. மழைக்கு முன்னால் மிச்சத்தையும் பிடித்துவிட்டார்கள். நாற்பத்திரண்டு கவுண்ட், கிலோ முந்நூற்று முப்பத்தைந்து. பழைய காலத்து விலை இல்லை, ஆனால் செலவு போகக் கையில் நிற்கிறது. அங்கே கொண்டுபோய் உரித்து வேறு நாட்டுக்கு அனுப்புவார்களாம். அந்த வேறு நாடு எது என்று கேட்டேன். தெரியாது, அமெரிக்காவாகக்கூட இருக்கலாம் என்று சிரித்தாள். பக்கத்துக் குளத்தையும் குத்தகைக்குப் பேசி முடித்தாயிற்று, சேகர் அண்ணன்தான் முதலில் கேட்டார் என்றாள்.

அமெரிக்கா வரியை எடுத்துவிடும் என்று ஒரு பேச்சு அடிபடுகிறதே என்றேன்.

“எடுத்தா நல்லதுதான்டி. எடுக்கலன்னாலும் தை மாசம் குஞ்சு வுடறோம்.”